‘பாடி அண்ட் சோல்’: எந்தப் பதிவில் ஆரம்பிப்பது?

“ஜாஸ் கேட்டுப் பார்க்கலாம் என்று இருக்கிறேன், ஒரே ஒரு பாட்டு சொல்லுங்கள்” என்று யாராவது கேட்டால் யோசிக்காமல் ‘பாடி அண்ட் சோல்’ என்று சொல்லிவிடுவது என் வழக்கம். ஒரு வாரம் கழித்து அதே ஆள் முகத்தைச் சுளித்துக்கொண்டு வருவார். தேடினால் நூற்றுக்கணக்கில் கொட்டுகிறது, எதைத்தான் கேட்பது என்பார். சிலர் ‘சிறந்த ஜாஸ் பதிவுகள்’ பட்டியல் எதையாவது பார்த்து, அதில் இருக்கும் சாக்ஸபோன் கலைஞர் கோல்மன் ஹாக்கின்ஸின் 1939 பதிவைக் கேட்டுவிட்டு வருவார்கள். அவர்களுடைய கேள்வி வேறு மாதிரி: “நல்லாத்தான் இருக்கு. ஆனா பாட்டு எங்கே?”

சரியான கேள்வி. நானும் அதையேதான் கேட்டேன். முதன்முதலில் ஹாக்கின்ஸைக் கேட்டபோது, மனுஷர் வழி தெரியாமல் எங்கோ அலைகிறார் என்று நினைத்து மூடிவைத்தேன். திரும்ப எடுக்க இரண்டு வருடம் ஆனது. குற்றம் அவர் மேல் இல்லை, நான் நுழைந்த வாசல்தான் தப்பு.

தமிழில் எழுதும்போது ‘பாடி’ என்ற சொல் பாடுவதைப் பற்றியது போலத் தெரிகிறது. உடலும் உயிரும் என்பதுதான் பொருள். வேடிக்கை என்னவென்றால், இந்தப் பாட்டின் மிகப் புகழ்பெற்ற பதிவில் யாருமே பாடவில்லை.

## பாட்டைப் பற்றிக் கொஞ்சம்

மெட்டுப் போட்டவர் ஜானி கிரீன். அப்போது அவருக்கு 21 வயது. வரிகளில் எட்வர்ட் ஹேமன், ராபர்ட் சவர், ஃபிராங்க் ஐட்டன் என்று மூன்று பேர் கை வைத்திருக்கிறார்கள். ஆங்கில நடிகை கெர்ட்ரூட் லாரன்ஸுக்காக எழுதியது என்பதால், அமெரிக்கப் பாட்டாக இருந்தும் முதலில் லண்டனில்தான் காலூன்றியது. 1930 தொடக்கத்திலேயே ஜாக் ஹில்டனின் குழு அங்கே அதைப் பதிவு செய்துவிட்டது. அதே ஆண்டு பிராட்வேயில் ‘த்ரீஸ் எ கிரவுட்’ என்ற மேடை நிகழ்ச்சியில் லிபி ஹோல்மன் பாடினார். அதன்பிறகு அமெரிக்காவில் அதைத் தொடாத குழு இல்லை.

அமைப்பு எளிது. தாளத்தில் நான்கு எண்ணிக்கை ஒரு பார். எட்டு எட்டு பாராக நான்கு பகுதிகள், மொத்தம் முப்பத்திரண்டு பார். முதல் பகுதியின் மெட்டே இரண்டாவதிலும் வரும், மூன்றாவதில் வேறொரு மெட்டு, நான்காவதில் பழையபடி முதல் மெட்டு. மூன்றாவதுக்கு ‘பிரிட்ஜ்’ என்று பெயர். இந்தப் பாட்டின் வம்பெல்லாம் அங்கேதான் இருக்கிறது. பிரிட்ஜ் தொடங்கியதும் சுருதியே ஒரு ஸ்வரஸ்தானம் மேலே ஏறிவிடும். நான்கு பார் அங்கே இருந்துவிட்டு, ஆரம்பித்த இடத்துக்கும் ஒரு ஸ்வரஸ்தானம் கீழே சறுக்கும். அங்கிருந்து படிப்படியாக இறங்கி, எதுவும் நடக்காதது போல முதல் மெட்டுக்குத் திரும்பிவிடும். பாடுகிறவர்களுக்கு இது வழுக்குப் பாறை. வாத்தியக்காரர்களுக்குத் திருவிழா.

இன்னொன்று: பாட்டு தன் ஆதாரக் கார்டில் (கார்டு என்றால் சேர்ந்து ஒலிக்கும் சில ஸ்வரங்கள்) ஆரம்பிப்பதில்லை. முதல் கார்டே ஒரு மைனர் கார்டு, வீட்டுக்கு வெளியே திண்ணையில் நின்று பேச்சைத் தொடங்குவது போல. எந்தப் பதிவைக் கேட்டாலும் மெட்டு தொடங்கியதுமே ஒரு தவிப்பு தெரியும். அதற்குக் காரணம் இதுதான்.

## எதை வைத்து எடை போடுவது

முதல் கேள்வி, மெட்டு காதில் விழுகிறதா. முப்பத்திரண்டு பாரும் ஒரு தடவையாவது ஒழுங்காகக் கேட்க வேண்டும். கச்சேரியில் நிரவலை ரசிக்கிறவருக்குக் கீர்த்தனை ஏற்கனவே தெரிந்திருக்கும். இங்கேயும் அதே கதைதான். மெட்டு தெரியாதவருக்கு மனோதர்மம் வெறும் சத்தம்.

இரண்டாவது, ஒலித்தரம். 1930-களின் பதிவுகள் 78 ஆர்.பி.எம். இசைத்தட்டுகளில் வந்தவை. இரைச்சல் இருக்கும், பாஸ் (கனத்த ஒலி தரும் பெரிய தந்தி வாத்தியம்) அடியில் எங்கோ முனகும். நல்ல ஹெட்போனில் தாங்கிக்கொள்ளலாம், பஸ்ஸில் போன் ஸ்பீக்கரில் முடியாது.

மூன்றாவது, முதல் தடவை நம்மிடம் எவ்வளவு பொறுமை கேட்கிறது, பத்தாவது தடவை என்ன தருகிறது. இவை இரண்டும் பெரும்பாலும் எதிரெதிராகவே இருக்கும்.

நான்காவது, அது அடுத்து எங்கே கூட்டிக்கொண்டு போகிறது. ஒரு பதிவைப் பிடித்துப்போனால் அதே ஆளின் வேறு பதிவுகளைத் தேடிப் போவோம். அந்தத் தெரு எப்படி என்று முன்னாலேயே பார்த்துக்கொள்வது நல்லது.

வரலாற்று முக்கியத்துவத்தை வேண்டுமென்றேதான் விட்டிருக்கிறேன். அதை அளவுகோலாக வைத்தால் ஹாக்கின்ஸ் போட்டியே இல்லாமல் ஜெயிப்பார். பட்டியல் போடுகிறவர்கள் அப்படித்தான் செய்கிறார்கள். புதிதாக வருகிறவர்கள் முட்டிக்கொள்வதும் அதனால்தான்.

## லூயி ஆம்ஸ்ட்ராங், 1930

அக்டோபர் 9, லாஸ் ஏஞ்சலஸ். பாட்டு பிறந்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. டிரம்ஸில் இளம் லயனல் ஹாம்ப்டன். ஆம்ஸ்ட்ராங்கின் டிரம்பெட்டும் குரலும் வருகிற இடங்கள் அருமை. சுற்றியிருக்கும் குழு அந்தக் கால நடன இசையாக, கொஞ்சம் சர்க்கரை தூக்கலாக இருக்கிறது. இரைச்சலும் அதிகம்.

ஆம்ஸ்ட்ராங் மேல் ஏற்கனவே பிரியம் உள்ளவர்களுக்கு மட்டும் இது முதல் பதிவாகலாம். மற்றவர்கள் ஐந்தாவதாகவோ ஆறாவதாகவோ வைத்துக்கொள்ளலாம்.

## பென்னி குட்மன் டிரியோ, 1935

ஜூலை 13, நியூயார்க். கிளாரினெட்டில் குட்மன், பியானோவில் டெடி வில்சன், டிரம்ஸில் ஜீன் க்ரூபா. பாஸ் கிடையாது. அந்த வேலையையும் வில்சனின் இடது கை பார்த்துக்கொள்கிறது. கூட்டம் குறைவு என்பதால் பழைய பதிவாக இருந்தும் ஒவ்வொரு வாத்தியமும் தனித்தனியாகத் தெளிவாகக் கேட்கும்.

வாத்தியத்தில் மெட்டைக் கற்றுக்கொள்ள இதைவிட நல்ல பதிவு எனக்குத் தெரியவில்லை. குட்மன் மெட்டை அங்கங்கே இழைத்துக் கொடுக்கிறாரே தவிர மறைப்பதில்லை. வில்சன் தன் முறை வரும்போது மெட்டைச் சுற்றி மெல்லிய சரிகை நெய்கிறார். இழை எது, சரிகை எது என்று புதிய காதுக்கும் பிரித்துத் தெரியும். குட்மன் வெள்ளையர், வில்சன் கறுப்பினத்தவர். ஸ்டூடியோவின் மூடிய கதவுக்குப் பின்னால் சேர்ந்து வாசிப்பதில் பெரிய சிக்கல் இல்லை, மேடையில் சேர்ந்து உட்காருவதுதான் பிரச்சினை. அதையும் அடுத்த ஆண்டே சிகாகோவின் காங்கிரஸ் ஹோட்டலில் இந்த மூவரும் செய்துகாட்டினார்கள்.

மறைவான செலவு ஒன்று இருக்கிறது. பதிவு அளவுக்கு மீறி இதமாக இருக்கிறது. காபி போட்டுக்கொண்டே கேட்கலாம், கேட்டது தெரியாமலேயே முடிந்துவிடும். கவனமாகக் கேட்கும் பழக்கம் இன்னும் வராதவருக்கு இது பின்னணி இசையாகவே தங்கிவிடும் ஆபத்து உண்டு.

## கோல்மன் ஹாக்கின்ஸ், 1939

டெனர் சாக்ஸபோனை ஜாஸில் ஒரு தனி ஆளாக நிமிர்த்தி வைத்தவர் ஹாக்கின்ஸ். 1934-இல் ஐரோப்பா போனவர் ஐந்து வருடம் அங்கேயே வாசித்துக்கொண்டிருந்துவிட்டு, போர் நெருங்கிய 1939-இல் நியூயார்க் திரும்பினார். அதற்குள் ஊரில் இளைய சாக்ஸ்காரர்கள் நிறையப் பேர் முளைத்துவிட்டார்கள். பெரியவர் கை இன்னும் பேசுமா என்று பார்க்கக் காத்திருந்தார்கள். அக்டோபர் 11 அன்று புளூபேர்ட் நிறுவனத்துக்காக நான்கு பாட்டுகள் பதிவு செய்தார். அதில் ஒன்று இது.

மூன்று நிமிடம்தான். ஜீன் ரோஜர்ஸின் பியானோ நான்கு பார் வாசித்து வழிவிடுகிறது. ஹாக்கின்ஸ் உள்ளே வருகிறார். முதல் இரண்டு பார் மெட்டைத் தொடுகிறார், அதையும் லேசாக, தெரிந்தவரைப் பார்த்துத் தலையசைப்பது போல. அடுத்த சில பாரிலேயே விலகத் தொடங்கி, எட்டு பார் முடிவதற்குள் மெட்டு காணாமல் போய்விடுகிறது. அதன்பிறகு பதிவு முடியும்வரை திரும்பி வருவதே இல்லை. பெயரைப் பார்க்காமல் நடுவிலிருந்து கேட்கிறவர் என்ன பாட்டு என்று சொல்ல முடியாது.

அப்படியானால் என்னதான் வாசிக்கிறார்? மெட்டுக்கு அடியில் இருக்கும் கார்டுகளை வாசிக்கிறார். வீட்டின் சுவரையெல்லாம் எடுத்துவிட்டு, தூணும் உத்திரமும் மட்டும் நிற்க, அவற்றின் மேலேயே ஏறி இறங்கி நடக்கிறார். ஒவ்வொரு கார்டையும் தனித்தனி ஸ்வரங்களாகப் பிரித்து, ஒன்றிலிருந்து அடுத்ததற்குத் தாவும்போது நடுவில் இன்னும் இரண்டு மூன்று படிகளைத் தானே செருகிக்கொள்கிறார். பிரிட்ஜில் சுருதி நகர்வது தெரிந்தவருக்கு அந்த இடத்தில் உடம்பு சிலிர்க்கும். தெரியாதவருக்கு எல்லாம் ஒரே ஓட்டமாகத்தான் இருக்கும்.

முப்பத்திரண்டு பாரும் ஒரு தடவை முடிந்தால் ஒரு சுற்று. முதல் சுற்றில் சாக்ஸின் குரல் தணிந்து, மூச்சுக்காற்று கேட்கிற அளவுக்கு நெருக்கமாக இருக்கிறது. இரண்டாம் சுற்றில் பின்னாலிருந்து மற்ற ஊதுவாத்தியங்கள் நீளமான கார்வைகளைப் பிடிக்கின்றன, இவர் கொஞ்சம் கொஞ்சமாக வலுவைக் கூட்டுகிறார். கடைசி எட்டு பாரில்தான் உச்சம். அங்கே டெனர் கிட்டத்தட்டக் கத்துகிறது. கடைசியில் மற்றவர்கள் நிறுத்திக்கொள்ள, தனியாக ஒரு சின்ன வால் வாசித்து, ஒரு ஸ்வரத்தில் நின்று முடிக்கிறார். மொத்தம் இரண்டு சுற்று, 64 பார். மெட்டே இல்லாத இந்தத் தட்டு, காசு போட்டால் பாடும் ஜூக் பாக்ஸ்களில் ஓடி நன்றாக விற்றது என்பது இன்றைக்கும் நம்பக் கஷ்டமான சங்கதி. 2004-இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் தன் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலில் இதைச் சேர்த்துக்கொண்டது.

அளவுகோல்களுக்கு வருவோம். மெட்டு கேட்கிறதா என்றால், இல்லை. ஒலி, வயதுக்குப் பரவாயில்லை, சாக்ஸ் முன்னால் நிற்பதால் தப்பிக்கிறது. முதல் தடவை நிறையப் பொறுமை கேட்கும். பத்தாவது தடவை கேட்கும்போதும் இதுவரை காதில் விழாத ஒரு திருப்பம் அகப்படும். இந்தப் பட்டியலில் வேறு எதைப் பற்றியும் என்னால் இவ்வளவு உறுதியாகச் சொல்ல முடியாது.

செலவு இரண்டு. ஒன்று, மேலே சொன்னது: மெட்டை வேறு இடத்தில் கற்றுக்கொண்டு வரவேண்டும். இரண்டாவது, தேடும்போது ஏமாறுவது. ஹாக்கின்ஸ் இதே பாட்டைப் பின்னால் பலமுறை பதிவு செய்திருக்கிறார். 1956-இல் பெரிய குழுவோடு வாசித்த பதிவு ஒலியில் பிரமாதம், ஆனால் நீங்கள் கேள்விப்பட்ட பதிவு அதுவல்ல. பியானோ நான்கு பார், மூன்று நிமிடம், 1939: இந்த மூன்றும் பொருந்துகிறதா என்று பார்த்துக்கொள்ளுங்கள். இன்னொரு தொல்லை, இரைச்சலை அளவுக்கு மீறிக் கழுவிய மலிவுத் தொகுப்புகள். இரைச்சலோடு சேர்ந்து அந்த மூச்சுக்காற்றும் போய்விடும், முதல் சுற்றின் உயிரே அதில்தான் இருக்கிறது. கொஞ்சம் கரகரப்பு இருக்கிற பதிப்பையே எடுங்கள்.

## பில்லி ஹாலிடே, 1940

ஹாக்கின்ஸின் தட்டு வந்து சில மாதங்களில், பிப்ரவரி 29 அன்று பில்லி ஹாலிடே இதைப் பாடினார். வயது 24. டிரம்பெட்டில் ராய் எல்ட்ரிட்ஜ்.

என் ஓட்டு இதற்குத்தான், மறைப்பானேன். மெட்டு முழுசாக இருக்கிறது. அதே சமயம் தாளத்தோடு ஒட்டிக்கொண்டு போகாமல், ஒவ்வொரு வரியையும் கொஞ்சம் தாமதமாகத் தொடங்குகிறார். பஸ் கிளம்பப் போகிறது என்று தெரிந்தும் அவசரமில்லாமல் நடந்துவந்து, சரியாகக் கிளம்பும்போது படியில் கால் வைக்கிறவர் போல. மெட்டைக் காட்டுவது, மெட்டை வளைப்பது இரண்டையும் ஒரே மூச்சில் செய்கிறார். மனோதர்மம் என்றால் ஸ்வரங்களை அடுக்குவது மட்டுமல்ல என்பது முதல் தடவையே புரிந்துவிடும்.

பிரிட்ஜுக்கு ஒன்றுக்கு மேற்பட்ட வரிகள் புழக்கத்தில் உண்டு. இரண்டு பாடகர்களைக் கேட்டுவிட்டு யாரோ வரியை மாற்றிவிட்டார் என்று குழம்ப வேண்டாம். சுருதி நகரும் அந்த இடத்தில் ஹாலிடே பதறாமல், குரலை உயர்த்தாமல், நழுவிப் போகும் விதத்தை மட்டும் இரண்டு தடவை ஓட்டிக் கேளுங்கள்.

1957-இல் இதே பாட்டை வெர்வ் நிறுவனத்துக்காக மறுபடி பாடினார், அந்த எல்பியின் (நீண்ட நேரம் ஓடும் இசைத்தட்டு) பெயரே ‘பாடி அண்ட் சோல்’. பென் வெப்ஸ்டரின் டெனர், ஹாரி எடிசனின் டிரம்பெட், ஜிம்மி ரோல்ஸின் பியானோ. ஒலி மிக நன்றாக இருக்கிறது, எல்பி காலம் என்பதால் பழைய தட்டுகளின் மூன்று நிமிடக் கட்டாயமும் இல்லை, எல்லாரும் நிதானமாக வாசிக்கிறார்கள். ஆனால் குரல் தேய்ந்துவிட்டது. இரண்டே வருடத்தில் இறந்துபோனார். முதலில் 1957-ஐக் கேட்டவர்களில் சிலர் இவர் குரலே இப்படித்தான் என்று நினைத்துக்கொள்கிறார்கள். இன்னும் சிலர் சோகத்தில் மயங்கி, இசையை விட்டுவிட்டு வாழ்க்கை வரலாற்றைக் கேட்க ஆரம்பித்துவிடுகிறார்கள். 1940-இல் தொடங்கி 1957-க்கு வந்தால் இந்த இரண்டு விபத்தும் நேராது.

1940 பதிவின் குறை, ஒலிதான். ஹெட்போன் இல்லாமல் கேட்பவர் என்றால் 1957-ஐயே முதலில் எடுத்துக்கொள்ளுங்கள், நான் சொன்னதை மனதில் வைத்துக்கொண்டு.

## ஜான் கோல்ட்ரேன், 1960

அக்டோபர் 24. அட்லாண்டிக் நிறுவனத்துக்காக அந்த ஒரே வாரத்தில் பதிவானவை பின்னால் பல எல்பிகளாகப் பிரிந்து வந்தன. இது ‘கோல்ட்ரேன்ஸ் சவுண்ட்’ என்ற எல்பியில் 1964-இல்தான் வெளியானது. கோல்ட்ரேன் டெனர் சாக்ஸபோன், மெக்காய் டைனர் பியானோ, ஸ்டீவ் டேவிஸ் பாஸ், எல்வின் ஜோன்ஸ் டிரம்ஸ்.

எல்லாரும் தாலாட்டு வேகத்தில் வாசிக்கும் பாட்டை இவர் நடை வேகத்துக்கு மாற்றிவிட்டார். அடியில் பாஸ் ஒரே ஸ்வரத்தைத் தம்புரா போலப் பிடித்துக்கொண்டு நிற்கும், அதன் மேல் டைனரின் கார்டுகள் மணி அடிப்பது போல அசையும். பிரிட்ஜ் வந்ததும் தலைகீழ். தான் அதற்கு முந்தைய வருடம் கண்டுபிடித்து வாசித்துக்கொண்டிருந்த, வேகமாக மூன்று சுருதிகளுக்கு இடையே தாவும் கார்டு வரிசையை அங்கே செருகியிருக்கிறார். ஏற்கனவே வழுக்கும் இடத்தில் எண்ணெய் ஊற்றிய மாதிரி. ஆனாலும் மெட்டு கேட்கிறது. ஹாக்கின்ஸைவிட இவர்தான் மெட்டுக்கு நெருக்கமாக இருக்கிறார் என்றால் பலர் நம்ப மாட்டார்கள், கேட்டுப் பாருங்கள்.

ராக் கேட்டு வளர்ந்தவர்களுக்கும், டிரம்ஸ் இல்லாவிட்டால் தூக்கம் வந்துவிடுகிறவர்களுக்கும் இதுதான் சரியான வாசல். ஸ்டீரியோ ஒலி, எந்த ஸ்பீக்கரிலும் நிற்கும். செலவு என்னவென்றால், பாட்டின் ஏக்கம் இதில் வற்றிவிட்டது. இது யாருக்காகவோ உருகும் பாட்டு என்பதே தெரியாமல் போகலாம். அப்புறம், சிடி பதிப்புகளில் இதே பாட்டை இன்னொரு தடவை வாசித்த டேக்கும் சேர்ந்து வருகிறது. அதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

## தெலோனியஸ் மாங்க், 1962. சாரா வாகன், 1978

இரண்டும் இரண்டாம் சுற்றுக்குரியவை, சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்.

பியானோக்காரர் மாங்க் கொலம்பியா நிறுவனத்துக்கு வந்து செய்த முதல் எல்பியான ‘மாங்க்ஸ் ட்ரீம்’-இல் இதைத் தனி பியானோவாக வாசித்தார். மெட்டு முழுசாக இருக்கிறது, ஆனால் பக்கத்தில் பக்கத்தில் உள்ள கட்டைகளைச் சேர்த்து அழுத்தி, பல் கூசுகிற மாதிரி வாசிக்கிறார். மெட்டு தெரிந்தவருக்கு ஒவ்வொரு கூச்சமும் நகைச்சுவை. தெரியாதவர் தப்பாக வாசிக்கிறார் என்றே நினைப்பார்.

சாரா வாகன் பாப்லோ நிறுவனத்துக்காகப் பாடியதில் துணைக்கு ரே பிரவுனின் பாஸ் மட்டும்தான். குரலுக்கும் பாஸுக்கும் நடுவில் ஒன்றுமே இல்லை. பாட்டுச் சொல்லிக்கொள்கிறவர், பிரிட்ஜில் எங்கே சறுக்குகிறோம் என்று தெரியாமல் தவிக்கிறவர், வேறு எதையும் பார்க்காமல் இதற்கு வரலாம்.

வெறும் பாஸின் ருசி பிடித்துவிட்டால், 1940-இல் சிகாகோவில் டியூக் எல்லிங்டனின் பியானோவுக்கு எதிரே ஜிம்மி பிளாண்டன் பாஸை வில் போட்டு வாசித்த பதிவும் இருக்கிறது. பிளாண்டனுக்கு அப்போது 22 வயது நிறைய நான்கு நாள் பாக்கி. 23-இல் காசநோயில் போய்விட்டார்.

## டோனி பென்னட், ஏமி வைன்ஹவுஸ், 2011

மார்ச் 23, லண்டன் ஆபி ரோடு ஸ்டூடியோ. பென்னட்டுக்கு 84, ஏமிக்கு 27. ஜூலையில் ஏமி இறந்தார். ஸ்டூடியோவில் அவர் கடைசியாகப் பாடியது இதுதான். அவர் பிறந்த நாளான செப்டம்பர் 14 அன்று பாட்டு வெளியானது, அடுத்த ஆண்டு கிராமி விருதும் கிடைத்தது. 2015-இல் ஏமியைப் பற்றி வந்த ஆவணப்படத்தில் அந்தப் பதிவின் சில நிமிடங்கள் இருக்கின்றன. ஏமி தன் பாட்டில் திருப்தியில்லாமல் பாதியில் நிறுத்துகிறார், மன்னிப்புக் கேட்கிறார். கிழவர் அவசரமே படாமல் நிற்கிறார்.

ஒலி இன்றைய ஒலி. மெட்டு, வரிகள் எல்லாம் தெளிவு. ஜாஸ் என்ற வார்த்தையைக் கேட்டாலே ஓடுகிறவர்களையும் மூன்று நிமிடம் உட்கார வைத்துவிடும். பென்னட் நேராகப் பாட, ஏமி ஒவ்வொரு சொல்லையும் கடித்து, மென்று, வால் முறுக்கி விடுகிறார். பழைய பாடகி டைனா வாஷிங்டனைக் கேட்டு வளர்ந்த குரல் என்பது அங்கே தெரியும்.

குறைகளையும் சொல்லிவிடுகிறேன். தனி வாத்தியக்காரர் யாரும் இறங்கி ஒரு சுற்று வாசிப்பதில்லை. வயலின் கூட்டம் எல்லா இடத்தையும் நிரப்பிவிடுகிறது. இதை மட்டும் கேட்டவர் ஜாஸ் என்றால் கோட்டு போட்டுக்கொண்டு பாடும் மெல்லிசை என்று முடிவு கட்டிவிடலாம். ஹாலிடேயின் 1957 பதிவுக்குச் சொன்ன அதே ஆபத்து இங்கே இன்னும் அதிகம்: மரணம் பாட்டின் முன்னால் வந்து நின்றுகொள்கிறது. ஏமியின் கதை தெரியாதவர் இதைக் கேட்டு என்ன சொல்வார் என்று பார்க்க எனக்கு ரொம்ப ஆசை, அப்படி ஒருவர் இன்னும் அகப்படவில்லை.

## ஒரே பார்வையில்

| பதிவு | மெட்டு கேட்கிறதா | ஒலி | முதல் தடவை | பத்தாவது தடவை |
|---|---|---|---|---|
| ஆம்ஸ்ட்ராங் 1930 | ஆம் | இரைச்சல் அதிகம் | பழைய வாடை | அவர் வரும் இடங்கள் மட்டும் |
| குட்மன் டிரியோ 1935 | ஆம், மிகத் தெளிவாக | பழையது, ஆனால் துலக்கம் | இதம் | வில்சனின் இடது கை |
| ஹாக்கின்ஸ் 1939 | முதல் சில பார் மட்டும் | சுமார் | குழப்பம் | தீராது |
| ஹாலிடே 1940 | ஆம், வளைத்து | சுமார் | உடனே பிடிக்கும் | தாமதங்களின் கணக்கு |
| ஹாலிடே 1957 | ஆம் | நன்று | கனம் | வெப்ஸ்டரும் எடிசனும் |
| கோல்ட்ரேன் 1960 | ஆம் | நன்று | துடிப்பு | பிரிட்ஜ் |
| மாங்க் 1962 | ஆம், கூச்சத்தோடு | நன்று | எரிச்சல் அல்லது சிரிப்பு | சிரிப்பு |
| வாகன் 1978 | ஆம் | மிக நன்று | வியப்பு | ரே பிரவுன் |
| பென்னட், ஏமி 2011 | ஆம் | மிக நன்று | மயக்கம் | கொஞ்சம் வற்றும் |

## யாருக்கு எது

வாரத்துக்கு ஒரு பாட்டுத்தான் கேட்க நேரம், போனில்தான் கேட்பேன் என்றால் ஏமி. அங்கேயே நின்றுவிடாமல் அடுத்த வாரம் வாகன்.

வரிகள் வேண்டாம், ஆங்கிலம் காதில் ஏறாது என்பவர்களுக்குக் குட்மன் டிரியோ. வரிகள் இல்லாமலேயே மெட்டு மனப்பாடமாகிவிடும்.

சாக்ஸபோன் கற்றுக்கொள்பவர் என்றால் எப்படியும் ஒருநாள் ஹாக்கின்ஸின் 64 பாரை எழுதியெடுத்து வாசிக்கத்தான் போகிறீர்கள். அதற்கு முன் கோல்ட்ரேனோடு கொஞ்ச நாள் இருங்கள். ஒரே பாட்டை இரண்டு ஆள் எப்படி எதிரெதிர்த் திசையில் கொண்டுபோயிருக்கிறார்கள் என்பது கையில் பிடிபடும்.

எல்பி வாங்கும் பழக்கம் உள்ளவர்களுக்கு ஒரு வார்த்தை. 1930-களின் பதிவுகளுக்கு எல்பியில் பணம் போடுவது வீண். அவை எல்பிக்காகப் பிறந்தவை அல்ல, தொகுப்புகளாகத்தான் கிடைக்கும். நல்ல சிடி அல்லது ஸ்ட்ரீமிங்கே போதும். ‘கோல்ட்ரேன்ஸ் சவுண்ட்’, ‘மாங்க்ஸ் ட்ரீம்’, ஹாலிடேயின் 1957 எல்பி மூன்றும் எல்பியாகவே யோசித்துச் செய்தவை, அவற்றுக்குச் செலவழிக்கலாம்.

உட்கார்ந்து கவனமாகக் கேட்க ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை இருக்கிறது, ஒழுங்கான ஹெட்போனும் இருக்கிறது என்றால் நான் சொல்லும் வரிசை இது: ஹாலிடே 1940 மூன்று தடவை. குட்மன் டிரியோ ஒரு தடவை, கூடவே முணுமுணுத்துக்கொண்டு. அதன்பிறகு ஹாக்கின்ஸைப் போட்டு, அவர் வாசிக்க வாசிக்க ஹாலிடேயின் மெட்டை மனசுக்குள் பாடிக்கொண்டே வாருங்கள். முதல் எட்டு பாரில் இருவரும் பிரிவார்கள். பிரிட்ஜ் வரும்போது நீங்கள் ஒரு பக்கம் ஏறுவீர்கள், அவர் இன்னொரு பக்கம் ஏறுவார், இரண்டு பேரும் ஒரே நொடியில் இறங்கி வந்து சேருவீர்கள். நான் இரண்டு வருடம் தாமதமாகக் கண்டுபிடித்த இடம் அது. மொத்தமே அரை மணி நேரம்கூட ஆகாது.

போன மாதம் “பாட்டு எங்கே” என்று கேட்ட நண்பருக்கு இதையே எழுதிக் கொடுத்தேன். நேற்று விசாரித்தேன். ஹாக்கின்ஸுக்கு இன்னும் போகவில்லையாம், ஹாலிடேயிலேயே நின்றுவிட்டார்.